11 நிமிடக் குரல்

அன்புத் தம்பி முருகேசுக்கு,

உன் கடிதம் திங்கட்கிழமை கிடைத்தது. ஒத்திகையில் எல்லோர் முன்னாலும் உன் குரல் மேடைக்கு எடுபடாது என்று சொல்லிவிட்டார்களாம், இனி அந்தப் பக்கமே போகப்போவதில்லையாம். படித்ததிலிருந்து மனசு ஆறவில்லை. கூடவே புரூனோ கான்ஸ் நினைவாகவே இருக்கிறது. போன தடவை நீ வந்தபோது ராத்திரி உட்கார்ந்து 'விங்ஸ் ஆஃப் டிசையர்' பார்த்தோமே, அதில் தேவதூதனாக வருகிறவர்.

1941-இல் சூரிச்சில் பிறந்தவர். அப்பா மெக்கானிக், அம்மா இத்தாலிக்காரர். அந்த ஊரில் வீட்டில் பேசுகிற ஜெர்மன் ஒன்று, மேடையில் பேசுகிற ஜெர்மன் இன்னொன்று. அந்த இன்னொன்றில்தான் அவர் பேர் வாங்கினார். 1970-இல் பெர்லினில் பீட்டர் ஸ்டைனின் நாடகக் குழுவில் சேர்ந்தார். 2000-இல் அதே ஸ்டைன், கதேயின் 'ஃபௌஸ்ட்' நாடகத்தின் 12,111 வரிகளையும் ஒன்று விடாமல் மேடையேற்றியபோது, முதிய ஃபௌஸ்ட் இவர்தான். வயது 59.

ஆனால் நாம் சேர்ந்து பார்த்த படத்தில் அவர் பாதி நேரம் வாயே திறப்பதில்லை, கவனித்தாயா? நூலகத்தில் படிக்கிறவர்களின் தோளருகே தலையைச் சாய்த்து, அவர்கள் மனசுக்குள் ஓடுவதைக் கேட்கிறார். கேட்கிற முகத்தை இப்படி வேறு யாரிடமும் நான் பார்த்ததில்லை.

'டவுன்ஃபால்' (2004) படத்தில் அவர் ஹிட்லர். கூட்டத்தில் கத்துகிற ஹிட்லரை உலகமே அறியும். இவர் தேடிப்போனது வேறொரு குரலை. 1942 ஜூனில் ஃபின்லாந்துத் தளபதி மன்னர்ஹைமின் 75-ஆவது பிறந்தநாளுக்கு ஹிட்லர் போயிருந்தபோது, ரயில் பெட்டிக்குள் நடந்த பேச்சை வானொலிக்காரர் ஒருவர் ரகசியமாகப் பதிவு செய்துவிட்டார். 11 நிமிடம். தணிந்த, சாதாரணக் குரல். கான்ஸ் அதைக் கேட்டுத்தான் தன் ஹிட்லரைப் பிடித்தார். கை நடுக்கத்துக்காக மருத்துவமனைக்குப் போய் பார்க்கின்சன் நோயாளிகளையும் கவனித்தார். அவர் கத்துகிற காட்சியைத்தான் எல்லோரும் பேசுகிறார்கள். எனக்கு உடம்பு சிலிர்த்தது, தட்டச்சு வேலைக்கு வந்த இளம்பெண்ணிடம் அன்பாகப் பேசுகிறாரே, அங்கே.

ஜெர்மன் மேடையில் இஃப்லாண்ட் மோதிரம் என்று ஒன்று உண்டு. அணிந்திருப்பவர், தனக்குப் பின் யார் தலைசிறந்த நடிகர் என்று எண்ணுகிறாரோ, அவர் பெயரை எழுதி வைத்துவிட்டுப் போவார். 1996-இல் அது கான்ஸ் கைக்கு வந்தது. 2019-இல் அவர் இறக்கும்வரை அவரிடமே இருந்தது.

உனக்குக் கொடுத்திருப்பது காவல்காரக் கிழவர் வேடம் என்று எழுதியிருந்தாய். உன் தெரு முனையில் ஏ.டி.எம். வாசலில் ஒரு பெரியவர் ராத்திரி காவலுக்கு இருப்பாரே, பீடியைப் பற்றவைத்துக்கொண்டு தனக்குத்தானே பேசுவார். இரண்டு டீ வாங்கிக்கொண்டு போய் அவர் பக்கத்தில் கொஞ்ச நேரம் உட்கார். அடுத்த ஒத்திகை என்றைக்கு என்று எழுது. நான் லீவு போட்டுவிட்டு வருகிறேன்.

அன்புடன்,
அக்கா