பள்ளியில் அடக்கம்



சென்ற ஆண்டு ஒரு வியாழக்கிழமை, ஃபஜ்ர் தொழுகை முடிந்த சற்று நேரத்தில் நம் பெரியத்தா அவர்கள் வஃபாத்தானார்கள். அடையாற்றில் இருந்த அவர்களின் வீட்டில் பெண்கள் அழுதுகொண்டிருந்தனர். உறவினர்களுக்குச் செய்தி சொல்லும் பொறுப்பு நம்மிடம் வந்தது. குடும்பத்தின் வாட்ஸ்அப் குழுவில், பெரியத்தா மவுத், அஸருக்குப் பின் பள்ளியில் அடக்கம் என்று சுருக்கமாக எழுதி அனுப்பினோம். நம் வீடுகளில் எல்லோரும் எழுதும் விதம்தான் அது. பார்த்துவிட்டார்கள் என்பதற்கு அடையாளமான நீலக் குறிகள் ஒவ்வொன்றாக விழுந்தன. கடமை முடிந்தது என்று எண்ணிக் குளிப்பாட்டும் வேலைக்குச் சென்றுவிட்டோம்.

பெரியத்தாவின் மகள் வழிப் பேரன் பெங்களூரில் பிறந்து வளர்ந்தவர். தந்தையைச் சிறு வயதிலேயே இழந்தவர். தமிழ் பேசுவார்; எழுத்துத் தெரியாது. அவருடைய தாயார், அதாவது நம் தங்கை, தகப்பனாரைக் கவனிப்பதற்காகச் சென்னையிலேயே தங்கியிருந்தார். மகனுக்கு நாம் சொல்லியிருப்போம் என்று அவர் நினைத்தார்; அவர் சொல்லியிருப்பார் என்று நாம் நினைத்தோம். ஜனாஸா தொழுகை முடிந்து, மண்ணும் இட்டு வீடு திரும்பி, இஷாவும் தொழுத பிறகு நம் கைபேசி ஒலித்தது.

“மாமு, நன்னாவுக்கு இப்ப எப்படி இருக்கு?”

அந்தக் கேள்விக்கு என்ன பதில் சொன்னோம் என்பது இன்றும் நினைவில் இல்லை.

நடந்ததைப் பின்னர் அவரே சொன்னார். நம் செய்தியை ஒரு மொழிபெயர்ப்புச் செயலியில் இட்டுப் பார்த்திருக்கிறார். ‘மவுத்’ என்ற அரபுச் சொல்லை அது வாயைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லாக எடுத்துக்கொண்டது. ‘பள்ளி’ பள்ளிக்கூடமாயிற்று. ‘அடக்கம்’ பணிவாயிற்று. ‘பெரியத்தா’ அப்படியே நின்றது. ஆனால் அவருக்கு அவர்கள் நன்னாதானே! மாலையில் பள்ளிக்கூடத்தில் வாயை அடக்கிப் பணிவாக இருக்க வேண்டும் என்பதுபோல ஏதோ ஒன்று அவருக்குக் கிடைத்தது. மக்தப் வகுப்பு அறிவிப்புகளையும் நாம் அதே குழுவில் இடுவது வழக்கம். ஹஜ்ரத் மாமு பிள்ளைகளுக்கு ஏதோ சொல்கிறார் என்று எண்ணி ஒதுக்கி வைத்துவிட்டார். காலையிலேயே தெரிந்திருந்தால் அஸருக்குள் வந்து சேர்ந்திருப்பார்.

முதலில் இயந்திரத்தின் மீதுதான் கோபம் வந்தது. பிறகு இந்தத் துறையைப் பற்றிக் கொஞ்சம் படித்தோம். 1949இல் வாரன் வீவர் என்ற அமெரிக்க அறிஞர், பல பொருள் தரும் சொல்லை எப்படி மொழிபெயர்ப்பது என்பதற்கு ஒரு வழி சொன்னார்: சொல்லை மட்டும் பார்க்காமல், அதன் இருபுறமும் நிற்கும் சில சொற்களையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 1960இல் பார்-ஹில்லெல் என்பவர் அது போதாது என்று மறுத்தார். ஆங்கிலத்தில் ‘பென்’ என்றால் எழுதுகோல். குழந்தை விளையாடும் அடைப்புக்கும் அதே பெயர். பெட்டி ‘பென்’னில் இருந்தது என்று ஒருவர் சொன்னால் எந்தப் பொருள்? எழுதுகோலுக்குள் பெட்டி அடங்காது என்பதை நாம் அறிவோம். அந்த அறிவு வாக்கியத்தில் எங்கும் எழுதப்படவில்லை. இயந்திரத்திற்கு அது எங்கிருந்து வரும் என்று கேட்டார்.

இன்றைய இயந்திரங்கள் கோடிக்கணக்கான வாக்கியங்களைப் படித்து, எந்தச் சொல் எந்தச் சொற்களோடு சேர்ந்து வருகிறது என்பதை எண்களாக்கி வைத்துக்கொள்கின்றன. நம் அடையாற்றை ஒட்டியுள்ள ஐ.ஐ.டி. மெட்ராஸில் இயங்கும் ஏஐ ஃபார் பாரத் குழுவினர், 2023இல் அட்டவணை மொழிகள் 22க்கும் ஒரு மொழிபெயர்ப்பு இயந்திரத்தை வெளியிட்டார்கள். அதற்காக அவர்கள் திரட்டிய வாக்கிய இணைகள் ஏறத்தாழ 23 கோடி. போற்றத்தக்க உழைப்பு. ஆயினும் ‘பள்ளியில் அடக்கம்’ என்பது பெரும்பாலும் பள்ளிவாசலின் கரும்பலகையில் சுண்ணக்கட்டியால் எழுதப்பட்டு மறுநாள் அழிக்கப்படும் வாசகம். எந்த இயந்திரம் வந்து அதைப் படிக்கும்?

இதே சிக்கலைத் தொல்காப்பியர் சொல்லதிகாரத்தில் பேசியிருப்பதைப் பிறகுதான் கண்டோம். பல பொருள் ஒரு சொல்லை அவர் இரண்டாகப் பிரிக்கிறார். ‘மா பூத்தது’ என்றால் மாமரம், ‘மா ஓடியது’ என்றால் விலங்கு. இங்கே வினையும் இனமும் சார்பும் பொருளைக் காட்டிவிடும், கேட்பவர் தெளிந்துகொள்வார். ‘மா வீழ்ந்தது’ என்றால்? மரமும் விழும், குதிரையும் விழும். இத்தகைய இடத்தில் பேசுபவரே இன்னது என்று கிளந்து சொல்ல வேண்டும் என்கிறார். அதாவது சுமை கேட்பவரிடமிருந்து சொல்பவரிடம் மாறுகிறது. இதைப் படித்த அன்று இரவு நமக்கு உறக்கம் வரவில்லை. நம் செய்தியில் ஒரு வினைச்சொல் கூட இல்லை. சார்பும், மக்தப் ஆசிரியரிடமிருந்து வந்ததால், பள்ளிக்கூடத்தையே காட்டியது. இயந்திரம் தவறியது உண்மைதான். ஆனால் அந்தப் பிள்ளையும் அறிவுள்ள மனிதர் செய்வதைத்தான் செய்தார்.

இதில் நமக்கு வெட்கமும் உண்டு. மூத்த மாணவர்களுக்கு நாம் நடத்தும் பாடமே இதுதான். ‘உம்மத்’ என்ற சொல் குர்ஆனில் பெரும்பாலும் சமுதாயத்தைக் குறிக்கும். சூரா யூசுஃபின் 45ஆம் வசனத்தில் அது காலத்தைக் குறிக்கிறது. ஸுக்ருஃப் 22இல் மார்க்கத்தை, வழியை. நஹ்ல் 120இல் இப்ராஹீம் (அலை) என்ற தனி ஒரு மனிதரையே அல்லாஹ் உம்மத் என்கிறான். ஒரு சொல்லின் பல முகங்களைத் தொகுப்பதற்கென்றே நம் முன்னோர் ‘அல்வுஜூஹ் வந்நழாயிர்’ என்றொரு கலையை வளர்த்தனர். ஹிஜ்ரி 150இல் மறைந்த முகாத்தில் இப்னு சுலைமான் அதில் நூல் எழுதியவர். இவ்வளவையும் கரும்பலகையில் எழுதிப் போடும் கை, வீட்டுச் செய்தியை இரண்டு வரியில் முடித்துக்கொண்டது.

மறுநாள் ஜும்ஆவுக்கு முன்பே அவர் வந்துவிட்டார். மையவாடிக்கு அழைத்துச் சென்றோம். பள்ளிவாசலைக் கூட்டிப் பெருக்கி வந்த ஒருவர் இரவில் இறந்தபோது, ஸஹாபாக்கள் நபி (ஸல்) அவர்களுக்குச் சொல்லாமலே அடக்கிவிட்டார்கள். ஏன் எனக்கு அறிவிக்கவில்லை என்று கேட்ட நபியவர்கள், கப்றைக் காட்டச் சொல்லி, அங்கே சென்று தொழுதார்கள். புகாரியிலும் முஸ்லிமிலும் உள்ள செய்தி. வழியில் அதை அவருக்கு எடுத்துச் சொன்னோம். அவரும் நன்னாவின் கப்றருகே நின்று தொழுதார். நம்மை ஒரு வார்த்தை கூடக் குறை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் சற்று இலேசாக இருந்திருக்கும்.

இப்போதெல்லாம் மவுத்துச் செய்தி என்றால் ஒவ்வொருவருக்கும் தொலைபேசியில் நேரில் சொல்கிறோம். எழுதினாலும், இன்னார் இறந்துவிட்டார், இந்தப் பள்ளிவாசலின் மையவாடியில் இத்தனை மணிக்கு அடக்கம் செய்கிறோம் என்று வினையோடு எழுதுகிறோம்.

பேரன் மாதம் ஒருமுறை தாயாரைப் பார்க்க வருகிறார். மக்தப் சிறுவர்களின் பாடப் புத்தகத்தை வைத்துத் தமிழ் எழுத்துகளைக் கற்றுக்கொண்டு வருகிறார். சென்ற மாதம் மயிலாப்பூரில் லஸ் பக்கமிருந்து நடந்து வந்தபோது, தெருப் பலகையை நிறுத்தி நிறுத்தி வாசித்தார்: கச்-சே-ரி சா-லை.

“இங்கதான் மார்கழியில பாட்டுக் கச்சேரி நடக்குமா மாமு?”

இல்லை, அந்தக் காலத்தில் அரசாங்க அலுவலகத்தைக் கச்சேரி என்பார்கள், தெருவுக்கு அந்தப் பெயர் என்று சொன்னோம். சிரித்துக்கொண்டே, செயலி என்ன சொல்கிறது என்று பார்க்கக் கைபேசியை வெளியே எடுத்தார். பிறகு என்ன நினைத்தாரோ, அதைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு எதிர்க் கடையின் பெயர்ப் பலகையை எழுத்துக் கூட்டி வாசிக்கத் தொடங்கினார்.