உடோ கியரின் தழும்புகள்

1944 அக்டோபர் 14. ஜெர்மனியின் கொலோன் நகர மருத்துவமனையொன்றில் ஆண் மகவு பிறக்கிறது. குழந்தை இன்னும் சற்று நேரம் தன்னிடமே இருக்கட்டும் எனத் தாய் செவிலியிடம் வேண்டிக்கொள்கிறாள். சிறிது பொழுதில் குண்டு விழுந்து கட்டடம் சரிகிறது. தாயையும் சேயையும் இடிபாட்டிலிருந்து மீட்கிறார்கள். நடிகர் உடோ கியர் தம் பிறப்பைப் பற்றிப் பலமுறை சொல்லிவந்த செய்தி இது. இதை அறிந்த பின்னர், லார்ஸ் வான் ட்ரையரின் 'தி கிங்டம்' தொடரில் (1994) மருத்துவமனைப் பிரசவமொன்றில் கியரின் வளர்ந்த தலையோடு குழந்தை பிறக்கும் காட்சியைப் பழைய சிரிப்போடு காண நம்மால் இயலவில்லை.

அவரை நாம் முதலில் கண்டது பால் மாரிஸியின் டிராகுலாவாக (1974). அவ்வேடத்துக்காகச் சில நாள்களில் உடல் மெலிந்ததால் எழுந்து நிற்கவும் வலுவின்றிப் போயிற்றென்றும், சக்கர நாற்காலி வந்தது அதனால்தான் என்றும் அவரே கூறியிருக்கிறார். கன்னியின் குருதி கிட்டாமல் வாந்தியெடுத்துக் கிடக்கும் டிராகுலா! அச்சத்தையும் நகையையும் தனித்தனி மெய்ப்பாடுகளாகப் பாடம் நடத்தும் நமக்கு, இரண்டும் ஒரே முகத்தில் நின்றது சிறிய தொல்லையாகவே இருந்தது.

பின்னர் அந்த வெளிறிய கண்களும் ஜெர்மானிய உச்சரிப்பும் அவருடைய பிழைப்பாயின. 'பிளேடு' (1998) படத்தில் இரத்தக்காட்டேரி மூப்பர். 'அயர்ன் ஸ்கை'யில் (2012) நிலவில் ஒளிந்திருக்கும் நாஜித் தலைவர். இருநூற்றுக்கும் மேற்பட்ட படங்கள். அவற்றில் பாதி மோசமானவை என்று அவரே கணக்குச் சொல்லிச் சிரித்ததுண்டு. நாமும் அந்தக் கணக்கை நம்பி, கண்ணை உருட்டும் வில்லன் என்று அவரை ஓரங்கட்டி வைத்திருந்தோம். 'ஸ்வான் சாங்' (2021) படத்தில் முதியோர் இல்லத்தை விட்டுக் கிளம்பும் சிகையலங்காரக் கலைஞராக முழுப் படத்தையும் அவர் தாங்கியதைக் கூட, விதிவிலக்கு என்றே எண்ணினோம்.

பிரேசில் இயக்குநர் கிளேபர் மென்டோன்சா ஃபில்யோ, 'பக்குராவ்' (2019) படத்தில் அவரை ஊருக்குள் மனித வேட்டையாட வரும் அந்நியக் கூட்டத்தின் தலைவராக்கியிருந்தார். ஜூலியானோ டோர்னெல்லஸ் உடன் இயக்கிய அப்படத்தில் அது எதிர்பார்த்த வேடமே. ஆனால் அதே ஃபில்யோ 'தி சீக்ரெட் ஏஜென்ட்' (2025) படத்தில் அவருக்குத் தந்தது வேறு. 1977ஆம் ஆண்டு, ரெசிஃபே நகரம், ஹான்ஸ் என்னும் தையற்காரர். அவர் போரில் பொருத பழைய ஜெர்மானியச் சிப்பாய் என்று காவல்துறைத் தலைவன் தானாக முடிவு கட்டிக்கொண்டு, உடம்பின் தழும்புகளைக் காட்டச் சொல்லி வியக்கிறான். ஹான்ஸோ நாஜிகளிடமிருந்து உயிர் தப்பிய யூதர். அந்தக் காவலனின் மடமையைக் கண்டு நகைக்கத் தொடங்கிய நாம், பாதியில் நிறுத்திக்கொண்டோம். இத்தனை ஆண்டுகளாக அந்த முகத்தைப் பார்த்து நாம் கட்டிய முடிவும் அதுதானே?

காட்சி சில நிமிடங்களே. கியர் 2025 நவம்பர் 23 அன்று, 81ஆம் வயதில், கலிபோர்னியாவின் பாம் ஸ்பிரிங்ஸில் மறைந்தார். அடுத்த முறை மாணவர்களுக்கு அவரை அறிமுகப்படுத்துகையில், டிராகுலாவைப் பின்னுக்குத் தள்ளித் தையற்காரர் ஹான்ஸிலிருந்து தொடங்குவதாக இருக்கிறோம்.