அத்தோ

வட சென்னையில், துறைமுகத்தை அடுத்த தெருக்களிலும் வியாசர்பாடியிலும், மாலை மங்கியதும் சிறு கடைகளில் விளக்குகள் ஒளிரும். உழைத்துக் களைத்தோர் அவற்றைச் சூழ்ந்து நிற்பர். அங்கு விற்கப்படும் உணவு ‘அத்தோ’ எனப்படும். கலந்து பிசைந்த உணவைக் குறிக்கும் பர்மியச் சொல்லின் திரிபே இது.

இதனை ஆக்குதல் எளிது. வேகவைத்து ஆறிய நூடுல்ஸைக் கிண்ணத்தில் இட்டு, மெல்லியதாக அரிந்த பச்சை முட்டைக்கோசும் வெங்காயமும் சேர்ப்பர். புளிக்கரைசல், உப்பு, மிளகாய்த்தூள், பூண்டு பொரித்த எண்ணெய் ஆகியவற்றை அளவறிந்து இடுவர். நொறுக்கிய தட்டையைத் தூவிக் கையால் பிசைந்தால் உணவு ஆயத்தம். உடன் பருக வாழைத்தண்டுச் சூப்பு சுடச்சுடக் கிடைக்கும். அடுப்பின்முன் நெடுநேரம் நிற்க வேண்டுவதில்லை. ஆதலின், வேலை முடிந்து வீடு திரும்புவோரும் இதனை விரைவில் ஆக்கி உண்ணலாம்.

எளிய இவ்வுணவின் பின்னே பெருந்துயர் ஒன்று உண்டு. 1962-இல் பர்மாவில் படையாட்சி ஏற்பட்டது. 1964-இல் வணிக நிலையங்கள் அரசுடைமை ஆயின. தலைமுறைகளாய் அங்கு வாழ்ந்த தமிழர் பலர், ஈட்டிய பொருளைத் துறந்து, கப்பலேறிச் சென்னை வந்தனர். 1969-இல் துறைமுகத்தின் அருகே அவர்தம் பர்மா பஜார் தோன்றியது. வீட்டையும் நிலத்தையும் கொண்டுவர இயலாதவர்கள், கைக்குப் பழகிய சமையலைக் கொண்டுவந்தனர். அதனைப் பறிக்க எவராலும் இயலவில்லை. ஏதிலிகளாய் வந்தோர்க்கு அன்று வாழ்வளித்த உணவு, இன்று ஊரார் விரும்பி உண்ணும் உணவாயிற்று. பொருள் போயினும் கைத்திறன் போகாது அன்றோ!