கோலிக்குண்டு ஏன் விழுந்தது?



அறிவியல் கண்காட்சி நெருங்கினால் எனக்கு போன் வர ஆரம்பித்துவிடும். "டீச்சர், பிள்ளைக்கு மாடல் வேணும், ரெடிமேடா எங்க கிடைக்கும்?" கேட்பவர்களில் பாதிப் பேர் என்னிடம் படித்தவர்கள். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

எங்கள் தெருவில் எட்டாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி. அப்பா கட்டட வேலைக்குப் போகிறார். பள்ளியில் அவளுக்குக் கிடைத்த தலைப்பு ரோலர் கோஸ்டர். ஜெயங்கொண்டத்துப் பிள்ளைகள் திருவிழா ராட்டினத்தில் ஏறியிருப்பார்கள். ரோலர் கோஸ்டரை செல்போனில்தான் பார்த்திருப்பார்கள். கடையில் செய்து தர 1200 ரூபாய் கேட்டார்களாம். அவள் அப்பாவுக்கு அது இரண்டு நாள் கூலி. "நான் பேர் கொடுக்கல டீச்சரம்மா" என்று வந்து நின்றாள்.

ஏ.சி. குழாயின் மேல் மாட்டுகிற கறுப்பு ஃபோம் குழாய் தெரியுமல்லவா? அதை வாங்கி நீளவாக்கில் இரண்டாக வெட்டினோம். இரண்டு வாய்க்கால் கிடைத்தது. ஒட்டுவதற்கு டேப், முட்டுக்கொடுக்கப் பழைய அட்டைப்பெட்டி, வண்டிக்குப் பதில் ஒரு கோலிக்குண்டு. அவ்வளவுதான் செலவு.

நடுவில் 20 சென்டிமீட்டர் உயரத்துக்கு ஒரு வளையம் வைத்தாள். குண்டை 20 சென்டிமீட்டர் உயரத்திலிருந்து விட்டாள். பாதி வளையம்கூட ஏறவில்லை. 25-இலும் விழுந்தது. 30-இல் உச்சி வரை போய்ப் பொத்தென்று விழுந்தது. 35-இல் சில தடவை சுற்றியது. 40-இல் பத்துக்குப் பத்து! ஒவ்வொன்றையும் நோட்டில் எழுத வைத்தேன்.

உயரத்தில் இருக்கும்போது குண்டிடம் இருப்பது நிலை ஆற்றல். இறங்க இறங்க அது இயக்க ஆற்றலாகிறது. வளையத்தின் உச்சியை எட்டினால் மட்டும் போதாது. அங்கேயும் வேகம் மிச்சம் இருக்க வேண்டும். உராய்வே இல்லாமல் வழுக்கும் பொருளுக்கு ஆரத்தைப் போல் இரண்டரை மடங்கு உயரம் வேண்டும். உருளும் குண்டுக்கு உருள்வதற்கும் ஆற்றல் செலவாகும், ஆகவே 2.7 மடங்கு. எங்கள் வளையத்துக்கு அது 27 சென்டிமீட்டர். மீதியை உராய்வு தின்றது. இரண்டாவது மேடு முதல் மேட்டைவிடத் தாழ்வாக இருப்பதும் இதனால்தான்.

பெரியவர்களும் இப்படித் தடுமாறித்தான் கற்றார்கள். 1895-இல் அமெரிக்காவின் கோனி ஐலண்டில் சரியான வட்டமாக வளையம் கட்டினார்கள். வளையத்துக்குள் நுழைந்ததும் ஏறியவர்களுக்குக் கழுத்து வலித்தது. இப்போதுள்ள வளையங்கள் கண்ணீர்த்துளி வடிவில் இருக்கின்றன. கீழே வளைவு அகலம், மேலே குறுகல். அதனால் உடம்பின் மேல் அழுத்தம் சட்டென்று ஏறுவதில்லை.

கண்காட்சியில் முதல் பரிசு ஒரு கடை மாடலுக்குப் போனது. கலர் லைட், மோட்டார் வைத்து ஓடும் வண்டி. பிள்ளைக்கு முகம் வாடிவிட்டது. "மோட்டார் இல்லாததாலதான் எனக்குக் கிடைக்கலையா?" என்றாள். நான் திருப்பிக் கேட்டேன்: "முதல் மேட்டில் ஏற்றிவிட்ட பிறகு நிஜ ரோலர் கோஸ்டரை எது ஓட்டுது?" கொஞ்சம் யோசித்தாள். "உயரம்தான்... அப்போ அதுல மோட்டார் சுத்திக்கிட்டே இருந்தா அது ரோலர் கோஸ்டரே இல்லையே!"

அந்தப் பதிலுக்கு எந்த நடுவரும் மதிப்பெண் போடவில்லை. ஆனால் என் பணிக்காலத்தில் இப்படி ஒரு பதிலைக் கேட்ட நாட்களை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

பரிசு கொடுப்பவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். மாடலைப் பார்க்கும் முன் பிள்ளையின் நோட்டைக் கேளுங்கள். எத்தனை தடவை விழுந்தது என்று கேளுங்கள். கடையில் வாங்கியதற்கு அந்தக் கணக்கு இருக்காது.

பெற்றோராகிவிட்ட என் பிள்ளைகளே, இந்த ஞாயிற்றுக்கிழமை ஒரு குழாயும் கோலிக்குண்டும் வாங்கிக் கொடுங்கள். குண்டு விழுந்தால் நீங்கள் கை வைக்காதீர்கள். எந்த உயரத்தில் சுற்றியது என்று பிள்ளையையே எனக்கு எழுதச் சொல்லுங்கள்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்
ஜெயங்கொண்டம்