பிலாத்து பிறக்காத ஊர்

ஸ்காட்லாந்தின் பெர்த்ஷயர் பகுதியில் அபர்ஃபெல்டியைத் தாண்டி மேற்கே எட்டு மைல் போனால் லையன் பள்ளத்தாக்கின் வாயிலில் ஃபோர்ட்டிங்கல் வரும். ஒரு தேவாலயம், ஒரு விடுதி, ஓலைக் கூரை வேய்ந்த சில வீடுகள். ஐந்து நிமிடம் நடந்தால் ஊர் முடிந்துவிடும். ஆனாலும் கோடைக்காலத்தில் கார்கள் வந்தவண்ணம் இருக்கின்றன. வருபவர்களில் பலரும் கேட்கும் முதல் கேள்வி: “பொந்தியு பிலாத்து பிறந்தது இங்கேதானா?”

அந்தக் கதையில் எல்லாம் இருக்கிறது. ரோமச் சக்கரவர்த்தி அகஸ்டஸ் ஒரு தூதரை வடக்கே அனுப்பினாராம். வந்தவர் உள்ளூர்ப் பெண்ணொருத்தியிடம் மனதைப் பறிகொடுத்தாராம். பிறந்த குழந்தைதான் பின்னாளில் ஏசுவுக்குத் தீர்ப்பளித்து, கையையும் கழுவிக்கொண்ட பிலாத்து. இல்லாதது ஒன்றே ஒன்றுதான்: ஆதாரம். பிலாத்து யூதேயாவை ஆண்டது கி.பி. 26 முதல் 36 வரை. ரோமப் படை ஸ்காட்லாந்துக்குள் காலடி வைத்ததோ அதற்கு நாற்பது ஆண்டுகளுக்கும் மேல் கழித்து, அக்ரிகோலாவின் தலைமையில். ஊருக்கு அருகே ‘ரோமர் பாசறை’ என்று காட்டப்பட்டுவந்த மேடும் இடைக்கால வீடொன்றின் அகழிதான் என்று ஆய்வாளர்கள் சொல்லிவிட்டார்கள். கதை மட்டும் அசையவில்லை.

பொய்ப் பெருமை தேவைப்படாத ஊர் இது. தேவாலயத்தின் பக்கத்தில், சுற்றுச்சுவருக்குள் நிற்கும் யூ மரம் ஒன்றே போதும். பிரிட்டனிலேயே மிகப் பழைய மரம் இதுவாக இருக்கலாம். வயது இரண்டாயிரம் என்பவர்களும் உண்டு, ஐயாயிரம் என்பவர்களும் உண்டு. துல்லியமாகச் சொல்ல வழியில்லை. வளையங்களை எண்ணலாமென்றால் நடுமரம் எப்போதோ உளுத்துப்போய்விட்டது. 1769ல் டெய்ன்ஸ் பாரிங்டன் அளந்தபோது அடிமரத்தின் சுற்றளவு 52 அடி. உள்ளே வெறுமையாகிப் பிளந்த அதன் நடுவழியாகச் சவ ஊர்வலங்கள் சென்றதுண்டு. இன்று பார்ப்பவருக்கு அது ஒரு மரமாகவே தெரியாது. தனித்தனியாக நிற்கும் சில மரங்கள் என்றுதான் தோன்றும். பழைய சுற்றளவைத் தரையில் அடையாளமிட்டு வைத்திருக்கிறார்கள்.

பனையைப் போல யூவிலும் ஆண், பெண் தனித்தனி. ஃபோர்ட்டிங்கல் மரம் ஆண் மரமென்றே எழுதிவைக்கப்பட்டிருந்தது. 2015ல் எடின்பரோ தாவரவியல் பூங்காவைச் சேர்ந்த மாக்ஸ் கோல்மன் அதன் ஒரு கிளையில் மூன்று சிவப்புக் கனிகளைக் கண்டார். அந்த ஒரு கிளை மட்டும் பெண்ணாக மாறியிருந்தது! மற்ற கிளைகளில் மாற்றமில்லை. இத்தனை வயதிலும் இந்தத் துணிச்சல் இருக்கும் மரத்துக்கு மனிதர்களிடமிருந்துதான் பாதுகாப்பு தேவைப்படுகிறது. பதினெட்டாம் நூற்றாண்டில் இதை வெட்டிக் குடிகிண்ணங்கள் செய்தார்கள். அதற்காகத்தான் சுவரே எழுந்தது. சுவரைத் தாண்டிக் கைநீட்டி நினைவுக்காகக் கிளையை ஒடித்துப் போகும் பழக்கம் இந்த நூற்றாண்டிலும் ஒழியவில்லை.

விடுதிக்கு எதிரே வயலில் ஒரு மேடு. இறந்தவர்களின் மேடு என்று பெயர். மேடு வெண்கலக் காலத்தது. பெயர் பதினான்காம் நூற்றாண்டுக் கொள்ளைநோய் தந்தது. தப்பிப் பிழைத்த ஒரு கிழவி, வெள்ளைக் குதிரை பூட்டிய சறுக்கு வண்டியில் ஊராரின் பிணங்களை இழுத்து வந்து இங்கே புதைத்தாள் என்பது மரபுச் செய்தி. பிலாத்து கதையை நம்பாதவர்களும் இதை நம்பத் தயங்குவதில்லை. 1924 வரை ஒவ்வொரு நவம்பரிலும் இந்த மேட்டின் மேல் தீ வளர்த்து, ஊரே கைகோத்துச் சுற்றி வந்தது.

ஓலைக் கூரை வீடுகள் பழையவை போலத் தோன்றினாலும் பழையவை அல்ல. கப்பல் முதலாளி சர் டொனால்ட் கர்ரி 1885ல் இந்தப் பண்ணையை வாங்கி, ஜேம்ஸ் மெக்லாரன் என்ற கட்டடக் கலைஞரைக் கொண்டு ஊரையே புதிதாக எழுப்பினார். வேலை முழுதும் முடியுமுன் 1890ல் மெக்லாரன் இறந்துவிட்டார். தென்னாப்பிரிக்காவின் ‘கர்ரி கோப்பை’ ரக்பி போட்டிக்குப் பெயர் தந்தவரும் இந்தக் கர்ரிதான். இந்தியருக்கு அவரை நினைக்க வேறொரு காரணம் உண்டு. 1909 நவம்பரில் காந்தி ‘இந்திய சுயராஜ்யம்’ நூலை எழுதியது கர்ரியின் நிறுவனத்துக்குச் சொந்தமான ‘கில்டோனன் காஸில்’ கப்பலில். கர்ரி அதே ஆண்டு ஏப்ரலில் காலமாகியிருந்தார். யந்திர நாகரிகத்தைச் சாடிய நூல் ஒரு நீராவிக் கப்பலில் பிறந்தது தனிச் சுவை.

ஆனால் ஃபோர்ட்டிங்கலின் உண்மையான பெருமை மரமுமல்ல, மாளிகைக்காரருமல்ல. ஜேம்ஸ் மெக்ரெகர் என்ற பாதிரியார். இவ்வூர்ப் பங்கின் பொறுப்பாளர், லிஸ்மோர் தேவாலயத்தின் டீன், பத்திரங்கள் எழுதும் நோட்டரியும்கூட. 1512க்கும் 1542க்கும் இடையே இவரும் தம்பி டங்கனும் மற்றவர்களும் சேர்ந்து, பாணர்களின் கெய்லிக் பாடல்களை ஒரு கையெழுத்து நூலாகத் தொகுத்தார்கள். கற்றோர் கையாண்ட கெய்லிக் எழுத்து முறையை விட்டுவிட்டு, தாழ்நில ஸ்காட்ஸ் மொழியின் எழுத்துக்கூட்டலில், காதில் விழுந்தபடி எழுதினார்கள். அதைப் படித்துப் பொருள் காண அறிஞர்கள் இன்றும் திணறுகிறார்கள். அதே காரணத்தால், அந்நாளில் சொற்கள் எப்படி ஒலித்தன என்பதற்கும் இதுவே சாட்சி.

டீன் என்பதற்காகப் பக்திப் பாடல்களை மட்டும் பொறுக்கியவரல்ல அவர். வீரன் ஃபின்னின் கதைப்பாடல்கள் இருக்கின்றன. பெண்களைக் கிண்டல் செய்யும் பாட்டு, கூச்சமே இல்லாத கொச்சைப் பாட்டு எல்லாம் இருக்கின்றன. அத்தனைக்கும் நடுவே, கணவனை இழந்த ஒருத்தி அவன் விட்டுச்சென்ற ஜெபமாலையைப் பார்த்துப் பாடிய இரங்கற்பா. பாடகியின் பெயர் ஆஃப்ரிக். கெய்லிக் இலக்கியத்தில் இந்தப் பாட்டுக்கு நிகரானவை குறைவு. மெக்ரெகர் சகோதரர்கள் எழுதிவைத்திராவிட்டால் இது காற்றோடு போயிருக்கும்.

1775ல் வெளியான தமது பயண நூலில் டாக்டர் ஜான்சன், நூறாண்டுப் பழமையுள்ள கெய்லிக் ஏடு ஒன்றுகூடக் கிடையாது என்று அடித்துச் சொன்னார். எழுத்தில்லாத மொழி என்ற ஏளனம் அதில் இருந்தது. அவர் அப்படிச் சொன்னபோது மெக்ரெகரின் நூலுக்கு வயது இருநூறைத் தாண்டியிருந்தது. நூல் இப்போது எடின்பரோவில் தேசிய நூலகத்தில் இருக்கிறது. கெய்லிக் மொழிதான் ஃபோர்ட்டிங்கலில் இல்லை. ஊர்ப்பெயரின் வாலில், தேவாலயத்தைக் குறிக்கும் ‘கில்’ என்ற சொல்லாக ஒட்டிக்கொண்டிருப்பதோடு சரி. மரத்திலிருந்து எடுத்த பதியன்களையும் எடின்பரோ பூங்காவில் வேலியாக நட்டு வளர்க்கிறார்கள்.

ஊரிலேயே விட்டுவைத்த ஒரு பொருள் உண்டு. ஏழாம் நூற்றாண்டை ஒட்டியதாகக் கருதப்படும் கைமணி. இரும்பில் செய்து வெண்கலம் பூசியது. இங்கிருந்த ஆதித் துறவிமடத்தின் காலத்தது. தேவாலயச் சுவரின் மாடத்தில், கம்பிக்குப் பின்னால், வந்தவர் போனவர் எல்லாம் பார்க்கும்படி வைத்திருந்தார்கள். 2017 செப்டம்பரில் யாரோ அதைத் திருடிக்கொண்டு போய்விட்டார்கள்.