ஒரே ஒரு வோல்ட்

சிறுசேரி சிப்காட்டில் வேலை பார்க்கும் அந்தப் பெண்ணின் கையில் இரண்டு பொருட்கள் இருந்தன. ஒன்று, நான்கு வருடம் உழைத்த லேப்டாப். இன்னொன்று, கம்பெனி சர்வீஸ் சென்டர் எழுதிக்கொடுத்த ஒரு தாள். மதர்போர்டு பழுது, புதிது மாற்ற வேண்டும், 42,000 ரூபாய் என்று அதில் இருந்தது. லேப்டாப் வாங்கிய விலையே 68,000தான்.

“எப்பம்மா நின்னுச்சு?”

“நேத்து நைட்டு வரைக்கும் நல்லாத்தான் ஓடுச்சுண்ணா. காலைல பட்டனை அமுக்குறேன், ஒண்ணுமே வரல. லைட்டுகூட எரியல.”

“கீழ விழுந்துச்சா? தண்ணி கிண்ணி?”

“இல்லண்ணா. பேக்ல போட்டு வண்டில கொண்டுபோவேன், அவ்ளோதான்.”

கடைக்காரர் தலையை ஆட்டிக்கொண்டே திருப்புளியை எடுத்தார். தாளை வாங்கிப் பார்க்கவேயில்லை.

சென்னை நாவலூரில் பழைய மகாபலிபுரம் சாலையான ஓ.எம்.ஆரை விட்டுத் தாழம்பூர் பக்கம் திரும்பினால் வரும் ஒரு சந்தில், மாடிப்படிக்குக் கீழே இருக்கிறது இந்தக் கடை. பத்துக்குப் பத்து அறை, மூன்று ஸ்டூல், ஒரு மைக்ராஸ்கோப். சாலையில் மெட்ரோவின் மூன்றாம் வழித்தடத்துக்கான வேலை நடப்பதால் கதவைத் திறந்தாலே புழுதி. அதனால் கதவு எப்போதும் மூடியே கிடக்கிறது. வெளியே பலகைகூடப் பெரிதாக இல்லை. ‘சிப் லெவல் சர்வீஸ்’ என்று ஸ்டிக்கர் மட்டும். இதே தெருவில் குடியிருக்கும் நண்பர் கூட்டிப்போயிருக்காவிட்டால் நாம் தாண்டிப் போயிருப்போம். போனது ஒரு மணி நேரம் பார்த்துவிட்டு வரலாம் என்றுதான். ஒரு பகல் முழுக்கப் போய்விட்டது. அதற்குக் காரணம் அவருடைய மேசையில் இருந்த ஒரு பெட்டி.

மின்சாரத்தை அளந்து கொடுக்கும் பவர் சப்ளை அது. அடாப்டருக்குப் பதிலாக இதிலிருந்து இரண்டு வயரை எடுத்துப் போர்டுக்குக் கொடுக்கிறார்கள். முகப்பில் சிவப்பு எண்கள் இரண்டு வரிசையில் ஓடும்: மேலே எத்தனை வோல்ட், கீழே எத்தனை ஆம்பியர். வாடிக்கையாளருக்கு ‘ஆன் ஆகவில்லை’ என்பது ஒரே நோய். கீழ்வரிசை எண்ணைப் பார்ப்பவருக்கு அது பத்துப் பதினைந்து நோய்.

பட்டனைத் தொடும் முன்பே 0.02 ஆம்பியர் அளவுக்குக் காட்டினால், போர்டு தூக்கத்தில் இருக்கிறது, எழுப்பினால் எழும் என்று நம்பலாம். பட்டனை அழுத்தியதும் 0.3 வரை ஏறி உடனே விழுந்தால், ஏதோ ஒரு படியில் கால் இடறுகிறது. லேப்டாப்பில் மின்சாரம் ஒரே வீச்சில் எல்லா இடத்துக்கும் போவதில்லை. முதலில் 19 வோல்ட் பிரதான லைன். அதிலிருந்து எப்போதும் விழித்திருக்கும் 3.3 வோல்ட்டும் 5 வோல்ட்டும். பிறகு பட்டனையும் பேட்டரியையும் கவனிக்கும் சின்ன கண்ட்ரோலர் சிப் சம்மதம் சொல்ல வேண்டும். அதன் பிறகு மெமரிக்கு, சிப்செட்டுக்கு, கடைசியில் பிராசஸருக்கு. பந்தி பரிமாறுவதுபோல வரிசை உண்டு. ஒருவர் கை நின்றால் அடுத்த இலைக்குச் சோறு வராது. அதே எண் ஏறிப்போய் 0.8, 1.1, 0.9 என்று ஊசலாடினால் பிராசஸர் வேலை செய்யத் தொடங்கிவிட்டது. “அசையுதுன்னா உசுரு இருக்குன்னு அர்த்தம் சார்” என்றார்.

பெண்ணின் போர்டு 0.004 காட்டியது. கிட்டத்தட்ட ஒன்றுமில்லை.

“இதுக்கு மூணு அர்த்தம். ஜாக் போயிருக்கணும். இல்ல, ஜாக்குக்கு அடுத்து நிக்கிற மாஸ்ஃபெட் போயிருக்கணும். அதுவும் இல்லன்னா பின்னாடி எங்கியோ ஷார்ட். பின்னாடி ஷார்ட் இருந்தா சார்ஜிங் ஐசி வாசக்கதவைத் தொறக்கவே தொறக்காது.”

மாஸ்ஃபெட் என்பது மின்சாரத்துக்கான கதவுதான். மீட்டரின் ஒரு முனையை ஜாக்கில் வைத்தார்: 19 வோல்ட் வந்து நின்றது. கதவுக்கு உட்பக்கம் வைத்தார்: இல்லை. சப்ளையை அணைத்துவிட்டு உட்பக்கத்துக்கும் கிரவுண்டுக்கும் இடையே மின்தடையைப் பார்த்தார். நல்ல போர்டில் அது ஆயிரக்கணக்கான ஓம் இருக்கும். இங்கே 0.4.

ஆக ஷார்ட். ஆனால் எங்கே? அந்த 19 வோல்ட் லைன் போர்டு முழுக்க ஓடுகிறது. சார்ஜிங் பகுதி, 3.3 வோல்ட் பகுதி, மெமரி, பிராசஸர் என்று எல்லா இடத்திலும் அதன்மேல் கெபாசிட்டர்கள் உட்கார்ந்திருக்கின்றன. மீட்டருக்கு எல்லாமே 0.4தான்.

இங்கேதான் அந்தப் பெட்டியின் அடுத்த உபயோகம். 19ஐக் குறைத்து ஒரு வோல்ட்டில் வைத்து, நேராக அந்த லைனிலேயே வயரைப் பற்றவைத்தார். ஏன் ஒன்று? பிராசஸருக்குப் போகும் வழியில் ஒரு மேல் மாஸ்ஃபெட் இருக்கிறது. ஒருவேளை உடைந்தது அதுவாக இருந்தால், நாம் ஊட்டும் மின்சாரம் நேராகப் பிராசஸருக்குள் பாயும். 19 வோல்ட் கொடுத்தால் அது அங்கேயே செத்துவிடும். ஒரு வோல்ட் என்பது பிராசஸர் தினமும் சாப்பிடுகிற அளவு, தப்பிவிடும். அவசரப்பட்டு 19 வோல்ட் ஏற்றிப் பிராசஸரைக் கொன்றுவிட்டு, பிறகு கொண்டுவந்து தரப்பட்ட போர்டுகள் ஒரு டப்பா நிறைய அந்தக் கடையில் இருக்கின்றன.

கீழ்வரிசை 2.3 ஆம்பியர் காட்டியது. போர்டின் மேல் ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலைத் தூரிகையால் மழைத்தண்ணீர்போலப் பூசினார். எல்லாரும் குனிந்தோம். தெர்மல் கேமரா வைத்திருக்கும் கடைகள் இருக்கின்றன. இவர் கண்ணை நம்புகிறார். நாலைந்து விநாடி ஒன்றும் நடக்கவில்லை. பிறகு மெமரி ஸ்லாட்டுக்கு அருகே ஒரு சின்ன வட்டம் மட்டும் சட்டென்று காய்ந்தது. சுற்றிலும் ஈரம், நடுவில் காய்ந்த திட்டு. திட்டின் நடுவில் பழுப்பு நிறத்தில் ஒரு கெபாசிட்டர், இரண்டு மில்லிமீட்டர் நீளம், ஒன்றேகால் மில்லிமீட்டர் அகலம். விரல் நுனியால் தொட்டுவிட்டு உடனே இழுத்துக்கொண்டார்.

“இதான்.”

மைக்ராஸ்கோப்பில் நம்மையும் பார்க்கச் சொன்னார். ஓரத்தில் தலைமுடிபோல ஒரு கோடு. இந்த வகைக் கெபாசிட்டருக்குள் பீங்கானும் உலோகத் தகடுமாக மெல்லிய அடுக்குகள் மாறி மாறி இருக்கும். போர்டு வளைந்தால் பீங்கான் விரிசல் விடும். விரிசல் வழியே தகடும் தகடும் தொட்டுக்கொண்டால் ஷார்ட். திறந்த லேப்டாப்பை ஒரு மூலையைப் பிடித்துத் தூக்குவது, புத்தகமும் சாப்பாட்டு டப்பாவும் அழுத்தும் பையில் திணித்து வண்டியில் குலுங்கக் கொண்டுபோவது எல்லாம் வளைப்பதுதான். விரிசலுக்குள் ஈரம் இறங்கினால் இன்னும் சீக்கிரம். ஓ.எம்.ஆரின் கிழக்கே பக்கிங்காம் கால்வாய், அதற்கப்பால் கடல். உப்புக்காற்றில் பச்சை பூத்த போர்டுகள் இவர் கடைக்கு வருடம் முழுக்க வருகின்றன. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் தென்சென்னையை மூழ்கடித்தபோது பள்ளிக்கரணை, பெரும்பாக்கம் பக்கமிருந்து வந்தவற்றை அடுக்க இடமில்லாமல் படிக்கட்டில் வைத்தாராம்.

ஹாட் ஏர் ஊதியதும் ஈயம் உருகிக் கெபாசிட்டர் கழன்று வந்தது. ஸ்கிராப் போர்டு ஒன்றிலிருந்து அதே அளவு, 10 மைக்ரோஃபாரட், 25 வோல்ட் தாங்குவது, எடுத்து உட்காரவைத்தார்.

அவருக்கு நாற்பதைத் தாண்டிய வயது. திருக்கழுக்குன்றம் பக்கத்துக் கிராமம். ஐ.டி.ஐ.யில் எலெக்ட்ரானிக் மெக்கானிக் பிரிவு முடித்து, மவுண்ட் ரோட்டை ஒட்டிய ரிச்சி தெருவில் ஒரு கடையில் பழைய மானிட்டர்களைப் பழுதுபார்க்கச் சேர்ந்தார். டெல்லிக்கு நேரு பிளேஸ் என்றால் சென்னைக்கு ரிச்சி தெரு. எலெக்ட்ரானிக்ஸ் கற்ற கைகளில் பாதி அங்கேதான் பழகியது. லேப்டாப்புக்கு மாறிய காலத்தில் அவருக்குக் கிடைத்த முதல் பாடம் கசப்பானது.

2008 ஜூலையில் என்விடியா நிறுவனம் தன்னுடைய சில லேப்டாப் கிராபிக்ஸ் சிப்புகள் வழக்கத்தைவிட அதிகமாகச் செயலிழப்பதாக ஒப்புக்கொண்டு, அதற்கென 15 கோடி முதல் 20 கோடி டாலர் வரை ஒதுக்கியது. கோளாறு சிப்பின் உறைக்குள்ளே. ஆனால் ஊரெங்கும் கடைகளில் அதைச் சூடாக்கிக் கழற்றி, அடியிலுள்ள ஈய மணிகளை மாற்றி ‘ரீபால்’ செய்து கொடுத்தார்கள். சூட்டில் தற்காலிகமாக ஒட்டிக்கொண்டு திரை வரும். சில வாரங்களில் மறுபடி போய்விடும். “நானும் செஞ்சேன் சார். பணமும் வாங்குனேன். அதே ஆளு மூணாவது தடவ வந்து நிக்கும்போது மூஞ்சியப் பாக்க முடியல. அதோட விட்டேன்” என்றார். இன்றைக்கும் சிப்பைச் சூடாக்கித் தருவதை அவர் பழுதுபார்ப்பு என்று ஒப்புக்கொள்வதில்லை. எந்த இடத்தில் எது போனது என்று தெரியாமல் கை வைப்பதில்லை.

2011 செப்டம்பரில் தமிழக அரசு மாணவர்களுக்கு விலையில்லா மடிக்கணினி கொடுக்கத் தொடங்கியது அவர் வாழ்க்கையைத் திருப்பியது. அதுவரை வசதியானவர்களின் பொருளாக இருந்த லேப்டாப், ஒன்றிரண்டு வருடத்தில் செங்கல்பட்டு பக்கத்துக் கிராமங்களிலிருந்து பஸ் ஏறி வந்தது. ஒரே மாடல் ஆயிரக்கணக்கில். ஒன்றைக் கற்றுக்கொண்டால் நூறுக்குக் கை பழகியது.

எப்படிக் கற்றுக்கொள்வது என்பதுதான் கேள்வி. போர்டின் மின்சுற்று வரைபடத்தை எந்தக் கம்பெனியும் இவருக்குத் தருவதில்லை. வெளியே என்ன பெயர் ஒட்டியிருந்தாலும் உள்ளே போர்டை வடிவமைத்தது பெரும்பாலும் காம்பல், குவான்டா, விஸ்ட்ரான் போன்ற தைவான் நிறுவனங்கள். ‘எல்ஏ’ என்று தொடங்கும் எண் இருந்தால் காம்பல், ‘டிஏ0’ என்றால் குவான்டா. அந்த எண்ணை வைத்துத்தான் வரைபடம் தேடுகிறார்கள். எங்கிருந்தோ கசிந்த பிரதி, யாரோ விற்பது. சிலசமயம் அதுவும் வேறு பதிப்பாக இருக்கும்.

கலிஃபோர்னியாவில் 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள சட்டப்படி, 100 டாலரோ அதற்கு மேலோ விலையுள்ள மின்னணுப் பொருள்களுக்கு உதிரிபாகமும் கருவியும் கையேடும் ஏழு ஆண்டுகளுக்குக் கிடைக்கச் செய்ய வேண்டும். இந்தியாவில் நுகர்வோர் விவகாரத் துறை 2022 ஜூலையில் பழுதுபார்க்கும் உரிமைக்கென ஒரு குழு அமைத்தது. அதே ஆண்டு டிசம்பர் 24 அன்று ஓர் இணையவாசலும் திறந்தது. நாவலூர் சந்துக்கு வரைபடம் இன்னும் வரவில்லை. வரைபடம் இருந்திருந்தால் பத்து நிமிடத்தில் முடியும் வேலைக்கு இந்த மனிதர் அரை நாள் கண்ணைக் கொடுக்கிறார். அந்த அரை நாளுக்கு யாரும் கூலி கொடுப்பதில்லை.

இடையில் இருப்பவர்களைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். கண்ணாடிக் கதவும் ஏசியும் போட்ட கடைகள் ஐ.டி. ஊழியர்களிடம் லேப்டாப்பை வாங்கி, மாலையில் பைக்கில் இவரிடம் அனுப்புகின்றன. இவர் கைக்கு வருவது 1,500. வாடிக்கையாளருக்குப் போகும் பில் ஏழாயிரம், எட்டாயிரம். அதில் ‘மதர்போர்டு மாற்றம்’ என்று எழுதியிருப்பதை இவரே பார்த்திருக்கிறார். மாற்றியது இரண்டு மில்லிமீட்டர். வேலை செய்தவன் பெயர் பில்லில் இல்லை என்பதுகூட இருக்கட்டும். அப்படி ஒரு வேலை நடந்ததே மறைக்கப்படுகிறது. கண்டுபிடித்துச் சரிசெய்ய முடியும் என்று தெரிந்தால் அடுத்த முறை யாரும் புதுப் போர்டுக்குப் பணம் கட்ட மாட்டார்களே.

வயர்களை மாற்றி மறுபடி 19 வோல்ட். 0.02. உதவிக்கு இருக்கும் பையன் பட்டனின் இரண்டு முனையையும் ட்வீசரால் தொட்டான். 0.02, 0.3, 0.7, 1.2, 0.9. விசிறி சுற்றியது. இவ்வளவு நேரம் வாசலில் போன் பார்த்துக்கொண்டிருந்த பெண் சத்தம் கேட்டு உள்ளே வந்தார்.

“எவ்ளோண்ணா?”

“மூவாயிரம் குடும்மா.”

“எது போயிருந்துச்சு?”

மேசையில் கிடந்த கெபாசிட்டரை ட்வீசரால் எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தார். பெண் அதைக் கொஞ்சநேரம் பார்த்தார். இந்தத் துணுக்குக்கா மூவாயிரம் என்று கேட்பவர்கள் உண்டாம். இந்தப் பெண் கேட்கவில்லை. ஜிபேயில் அனுப்பிவிட்டு, “இத நான் எடுத்துக்கலாமாண்ணா?” என்றார். கடைக்காரர் அதைக் காகிதத்தில் மடித்துக் கொடுத்தார்.

பெண் போன பிறகு இழுப்பறையிலிருந்து நாற்பது பக்க நோட்டு ஒன்று வெளியே வந்தது. போர்டு எண், எந்தக் கெபாசிட்டர், ஜாக்கில் 0.004, லைனில் 0.4 ஓம், சரியான பிறகு 0.02. நான்கு வரி. இதுபோல நிரம்பிய நோட்டுகள் பதினொன்று அலமாரியில் இருக்கின்றன. யாரும் தராத வரைபடத்தை அவர் இப்படித்தான் எழுதிக்கொண்டு வருகிறார். பேனாவை மூடிவிட்டுப் பையனிடம் திரும்பினார்.

“தம்பி, அந்தக் கருப்புப் பைய எடு. நேத்து தண்ணி கொட்டுனது.”