சுமத்ரா குறிப்புகள் – 5: சாவாலுந்தோவின் அடுப்படி

போன வாரம் பாடாங்கில் விட்டேன். அங்கிருந்து மலைப்பாதையில் சில மணி நேரம் போனால் சாவாலுந்தோ. சுற்றிலும் குன்றுகள், பள்ளத்தில் ஊர்.

1868-இல் டெ கிரேவ் என்ற இளம் டச்சுப் பொறியாளர் ஒம்பிலின் ஆற்றுப் பக்கம் நிலக்கரியைக் கண்டுபிடித்தார். நாலே வருடத்தில் ஆற்றில் மூழ்கி இறந்தும் போனார். 1892-இல் கரி வெட்டத் தொடங்கினார்கள். 1894-இல் ரயில் வந்தது. மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் ஏறுகிற நம் ரயிலைப் போல, செங்குத்தான இடங்களில் பல்சக்கரம் கடித்து ஏறும் பாதை. கரியெல்லாம் அதில் துறைமுகத்துக்குப் போனது.

வெட்டுவதற்கு உள்ளூரில் ஆள் போதவில்லை. ஜாவாவிலிருந்தும் பிற தீவுகளிலிருந்தும் கைதிகளைச் சங்கிலி பூட்டிக் கொண்டுவந்தார்கள். 'ஓராங் ரந்தாய்', சங்கிலி மனிதர்கள் என்று ஊர் அவர்களைச் சொல்கிறது. செத்தவர்களின் கல்லறைக் கற்களில் பெயர் இல்லை, எண் மட்டும். மேஸ்திரிக்காவது பெயர் மிஞ்சியது: பார்வையாளர்களுக்குத் திறந்துவிட்டிருக்கும் சுரங்கம் ஜாவாக்காரக் கங்காணி ம்பா சூரோவின் பெயரில்தான் இருக்கிறது. தலைக்கவசமும் ரப்பர் பூட்ஸும் மாட்டிக்கொண்டு இறங்கினேன். சுவரெல்லாம் ஈரம். நீர்க்கசிவு தாங்காமல்தான் இதை அந்தக் காலத்திலேயே மூடினார்களாம்.

ஆனால் என்னைப் பிடித்து நிறுத்தியது சுரங்கம் அல்ல, 'குடாங் ரன்சும்' என்ற சமையற்கூடம். 1918-இல் கட்டியது. இன்று அருங்காட்சியகம். ஆள் இறங்கி உட்காரலாம் போன்ற அண்டாக்கள்! விறகு வைத்து எரித்தால் கட்டுப்படியாகுமா? தனி உலையில் நீராவி எழுப்பி, தரைக்கடியில் அடுப்புகளுக்குக் கொண்டுவந்து, தினமும் ஆயிரக்கணக்கானோருக்குச் சோறு ஆக்கியிருக்கிறார்கள். கைதி, ஒப்பந்தக் கூலி, ஆஸ்பத்திரி நோயாளி எல்லோருக்கும் இங்கிருந்துதான் சாப்பாடு. கருணை என்று நினைத்துவிட வேண்டாம். வயிறு காய்ந்தவன் கரி வெட்டமாட்டான் என்ற கணக்குதான்.

லயங்களில் மலாய், மினாங்கபாவ், ஜாவா, சுண்டா மொழிகள் கலந்து 'தங்சி' என்றொரு பேச்சே பிறந்தது. ஊரில் இன்றும் அது காதில் விழும்.

கரித்தொழில் படுத்த பிறகு ஊரே காலியாகிவிடும் போலிருந்தது. 2000களில் நகராட்சி சுற்றுலாவுக்குத் திரும்பியது. வெட்டிப்போட்ட குழிகள் சில இப்போது ஏரிகள். 2019-இல் யுனெஸ்கோ உலக மரபுப் பட்டியலிலும் சேர்த்தது.

போகிறவர்கள் முதலில் அடுப்படியைப் பாருங்கள், பிறகு சுரங்கத்தில் இறங்குங்கள். அடுத்த வாரம் புக்கிட்டிங்கி.